ஏற்காடு வழக்கு: தம்பியின் ஆயுள் தண்டனைக்கு மேல்முறையீடு

வணக்கம்ங்க. ஏற்காடு கொலை வழக்கில், இறந்தவரோடு தம்பியைக் கடைசியாகச் சேர்த்துப் பார்த்ததாக ஒரு சாட்சி, காப்பித் தோட்டத்தில் எடுத்த அரிவாள், இந்த இரண்டை மட்டும் நம்பிச் சேலம் செஷன்ஸ் கோர்ட் தம்பிக்கு ஆயுள் கொடுத்ததாக எழுதியிருக்கீங்க. மதுரைக் கிளைக்கு அலைய வேண்டாம். சேலம் மாவட்டத்துக்குச் சென்னை உயர் நீதிமன்றம்தான். மேல்முறையீட்டுக்குக் கெடு 60 நாள், தீர்ப்பு நகல் வாங்க ஆன நாள் அதில் சேராது. தம்பிக்குத் தீர்ப்பு நகல் இலவசம்.

அரிவாளில்தான் ஓட்டை தேடணும். போலீசிடம் கொடுத்த வாக்குமூலத்தில் பொருளைக் கண்டெடுக்க வைத்த பகுதி மட்டுமே செல்லும். "நான்தான் வெட்டினேன்" என்பது செல்லாது. மகஜரில் (பொருளைக் கைப்பற்றியதற்கான பத்திரம்) கையெழுத்திட்ட சாட்சி குறுக்கு விசாரணையில் "ஸ்டேஷனில்தான் கையெழுத்துப் போட்டேன்" என்றாரா? கைப்பற்றிய தேதிக்கும் கோர்ட்டுக்கு வந்த தேதிக்கும் நடுவில் பொருள் யாரிடம், சீலோடு இருந்ததா? ஆய்வக அறிக்கை "மனித ரத்தம்" என்பதோடு நின்று, ரத்த வகை சொல்லவில்லை என்றால் அரிவாள் பாதி மொட்டை.

பார்த்த நேரத்துக்கும் பிரேதப் பரிசோதனை சொல்லும் இறப்பு நேரத்துக்கும் இடைவெளி நீண்டால், நடுவில் வேறொருவர் வந்திருக்கலாம். மலையில் பனிமூட்டம் வேற. விளக்கு வெளிச்சம் பற்றி யாராவது கேட்டார்களா? எஃப்ஐஆரில் (போலீசின் முதல் தகவல் அறிக்கை) மாஜிஸ்திரேட் குறித்த நேரத்தையும் பாருங்க, அது தாமதமாகப் போய்ச் சேர்ந்ததா என்று தெரியும். நேரில் கண்ட சாட்சி இல்லாதபோது சூழ்நிலைச் சாட்சியங்கள் சங்கிலி போல அறுபடாமல் இருக்கணும் என்பதற்கு 1984 சரத் பிர்திசந்த் சர்தா வழக்கின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பைக் காட்டலாம்.

மேல்முறையீட்டோடு, அது முடியும்வரை தம்பியை ஜாமீனில் விடக் கேட்கும் தண்டனை நிறுத்தி வைப்பு மனுவும் வக்கீலைப் போடச் சொல்லுங்க. வக்கீல் வைக்க வசதியில்லை என்றால் சிறைக் கண்காணிப்பாளர் வழியாகவே மேல்முறையீடு அனுப்பலாம். சட்டப் பணிகள் குழு இலவச வக்கீல் தரும்.