ஆற்றுக்கு அக்கரையும் லாவ்தான்

போன இதழில், எங்கள் வீட்டுப் பரணில் கிடக்கும் மூங்கில் கூடை ஒன்றைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். பட்டாளத்தில் எழுத்தராக இருந்த என் பெரியப்பா 1950களில் லாவோஸிலிருந்து கொண்டுவந்த கூடை. அங்கே ஆவியில் வெந்த ஒட்டரிசிச் சோற்றை அதில் வைத்து வயலுக்கு எடுத்துப் போவார்கள். எங்கள் பெரியம்மா புளி போட்டு வைத்திருந்தார். அந்த நாலு வரிக்கு இத்தனை கடிதங்கள் வந்திருக்கின்றன. சரி, இந்த இதழ் முழுக்க லாவோஸ்தான்.

டீச்சருங்க, நூல் வியாபார விஷயமாகத் தாய்லாந்து போயிருந்தேன். வடகிழக்கே உதோன் தானி என்ற ஊரில் எங்களுக்கு வண்டி ஓட்டிய தம்பி, "என் பாஸ்போர்ட் தாய்லாந்துதான், ஆனால் நான் லாவ்" என்றான். அப்படியானால் லாவோஸ் எங்கே இருக்கிறது?
(விசைத்தறி வைத்திருக்கும் வாசகர், குமாரபாளையம்)

நீங்கள் குமாரபாளையத்துக்காரர் என்பதால் இதை உங்களுக்குச் சொல்வது எளிது. காவிரிப் பாலம் தாண்டினால் பவானி. உங்கள் கரை நாமக்கல் மாவட்டம், எதிர்க்கரை ஈரோடு மாவட்டம். ஆனால் பெண் கொடுப்பது, எடுப்பது, தறிக்கு ஆள் போவது, கூடுதுறைக்குத் திதி கொடுக்க வருவது எல்லாம் ஒரே ஊர் போலத்தான் நடக்கிறது. ஒருநாள் வெளியூர்க்காரர் இரண்டு பேர் எங்கோ உட்கார்ந்து கையெழுத்துப் போட்டு, "இனி காவிரிதான் எல்லை, அக்கரையில் இருப்பவர் வேறு நாட்டவர்" என்றால் எப்படி இருக்கும்? லாவ் மக்களுக்கு அதுதான் நடந்தது. அவர்களுடைய ஆறு மேகாங்.

1353இல் ஃபா நூம் என்ற அரசன் லான் சாங் என்ற நாட்டை நிறுவினான். அந்த நாட்டுக்கு மேகாங் நடுவாசல். கிழக்கே மலை, மேற்கே இன்றைய வடகிழக்குத் தாய்லாந்தின் கோராட் பீடபூமி, இரண்டு கரையிலும் அதே மக்கள், அதே பேச்சு. 1560 வாக்கில் சேத்தாதிராத் என்ற அரசன் தலைநகரை லுவாங் பிரபாங்கிலிருந்து, இன்றும் லாவோஸின் தலைநகராக இருக்கும் வியன்டியானுக்கு மாற்றினான். 17ஆம் நூற்றாண்டில் சுரிஞ்ஞ வொங்சா ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் ஆண்டான். 1641இல் அங்கே போன டச்சு வணிகர் வான் வூஸ்தாஃப் அந்த அரசவையின் செழிப்பைக் குறிப்பு எழுதி வைத்திருக்கிறார். அந்த அரசன், தவறு செய்த தன் ஒரே மகனுக்கே மரண தண்டனை கொடுத்தவன். நீதி தவறவில்லை, ஆனால் வாரிசு இல்லாமல் போனது. அவனுக்குப் பிறகு சண்டை மூண்டு, 1713க்குள் நாடு லுவாங் பிரபாங், வியன்டியான், சம்பாசக் என்று மூன்றாக உடைந்தது.

உடைந்த வீட்டுக்குள் அண்டை வீட்டுக்காரன் நுழைவது எங்கும் நடப்பதுதான். 1779இல் சியாம், அதாவது இன்றைய தாய்லாந்தின் படை வியன்டியானைப் பிடித்தது. இன்று பாங்காக்கில் நம் ஆள்கள் சுற்றுலா போய்க் கும்பிடும் மரகத புத்தர் அப்போது எடுத்துப் போனதுதான். சேத்தாதிராத் கொண்டுவந்த அந்தச் சிலை இருநூறு வருஷத்துக்கு மேல் வியன்டியானில் இருந்தது. 1826இல் வியன்டியான் அரசர் அனுவோங் சியாமை எதிர்த்துக் கிளம்பினார். தோற்றார். 1828இல் வியன்டியானைத் தரைமட்டமாக்கினார்கள். அனுவோங்கைப் பாங்காக்குக்குக் கொண்டுபோய் இரும்புக் கூண்டில் அடைத்து ஊர் பார்க்க வைத்தார்கள். அங்கேயே அவர் இறந்தார். குடிமக்களைக் கூட்டங்கூட்டமாக ஆற்றுக்கு மேற்கே ஓட்டிப் போனார்கள். 1867இல் மேகாங் வழியாக வந்த பிரெஞ்சுக்காரர்கள் கண்டது காடு மூடிய இடிபாடு.

பிறகு 1893. பிரெஞ்சுப் போர்க்கப்பல்கள் பாங்காக் வரை நுழைந்து மிரட்டின. அக்டோபர் 3ஆம் தேதி ஒப்பந்தம். மேகாங்கின் கிழக்குக் கரை, அதாவது இன்றைய லாவோஸின் பெரும்பகுதி, பிரான்சுக்கு; மேற்குக் கரை சியாமுக்கு. 1904இல் மேற்கே கொஞ்சம் நிலமும் பிரான்சுக்குப் போனது. லாவ் ஆள் ஒருவரைக்கூடக் கேட்கவில்லை. "லாவோஸ்" என்ற பெயரின் கடைசி "ஸ்"கூட பிரெஞ்சுக்காரர் பன்மைக்குச் சேர்த்த எழுத்து. அந்த ஊர்க்காரர்கள் தங்கள் நாட்டை "மியாங் லாவ்" என்றுதான் சொல்கிறார்கள்.

மேற்குக் கரையில் தங்கியவர்களின் பகுதிக்குத் தாய்லாந்தில் "ஈசான்" என்று பெயர். வீட்டுக்கு வாஸ்து பார்க்கும்போது ஈசானிய மூலை என்கிறோமே, அதே வடமொழிச் சொல்தான், வடகிழக்கு. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே அரசுக் கணக்கில் அவர்களை "லாவ்" என்று எழுதுவது நின்று, "தாய்" இனத்தவர் ஆக்கப்பட்டார்கள். லாவ் பேச்சு பேசுகிறவர்கள் லாவோஸைவிட அங்கேதான் பல மடங்கு அதிகம். உங்கள் வண்டி ஓட்டிய தம்பி சொன்னது முழு உண்மை.

மகள் பாங்காக்கில் வேலையில் இருந்தபோது, ராத்திரி ரயிலில் நோங் காய் போய், நட்புப் பாலம் தாண்டி வியன்டியானுக்குள் போனேன். ஆற்றங்கரைப் பூங்காவில் அனுவோங்குக்குப் பெரிய சிலை வைத்திருக்கிறார்கள். ஒரு கையில் வாள். இன்னொரு கை ஆற்றைப் பார்த்து நீண்டிருக்கிறது, அக்கரையைப் பார்த்து. அதன் அடியில் கொஞ்ச நேரம் நின்றுகொண்டே இருந்தேன். 31 வருஷம் வரலாறு நடத்தியிருக்கிறேன். தென்கிழக்கு ஆசியா என்றால் அங்கோர் கோயிலும் வியட்நாம் போரும் சொல்லுவேன். லாவோஸ் ஒரு வரி. அந்த ஒரு வரி எனக்கு இன்னும் மனதை உறுத்துகிறது.

"பத்து லட்சம் யானைகளின் நாடு" என்று படித்தேன். நிஜமாகவே அத்தனை யானை இருந்ததா?
(கல்லூரி மாணவி, பொள்ளாச்சி)

"லான்" என்றால் பத்து லட்சம், "சாங்" என்றால் யானை. எண்ணிப் பார்த்து வைத்த பெயர் இல்லை கண்ணு. எங்கள் அரசனுக்குப் படை வலிமை இவ்வளவு என்று அக்கம்பக்கத்துக்குச் சொல்ல வைத்த பெயர். ஆனால் ஆள்களை உண்மையிலேயே எண்ணியிருக்கிறார்கள். ஃபா நூமின் மகனுக்கு "சாம்சேன்தாய்" என்று பட்டப்பெயர். "சாம்" மூன்று, "சேன்" லட்சம். மூன்று லட்சம் "தாய்" இன ஆண்கள் என்று அவன் எடுத்த குடிக்கணக்கே பெயராக ஒட்டிக்கொண்டது. நம்மைப் போலவே லட்சத்துக்குத் தனிச்சொல் வைத்திருப்பவர்கள் அவர்கள். காட்டு யானை இப்போது சில நூறுதான் மிஞ்சியிருக்கிறது. உங்கள் டாப்ஸ்லிப் பக்கம் போகும்போது அதை நினைத்துக்கொள்ளுங்கள்.

யானையைவிட எனக்குப் பிடித்தது அவர்களுடைய சுரைக்காய்க் கதை. வானத்திலிருந்து கொடுத்த எருமை ஒன்று வயலில் செத்து விழுகிறது. அதன் மூக்குத் துவாரத்திலிருந்து சுரைக்கொடி முளைத்துப் படர்ந்து, பெரிய பெரிய காய் காய்க்கிறது. காய்க்குள்ளே ஆள் பேசும் சத்தம். ஊர்ப் பெரியவர் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் துளை போடுகிறார். கொஞ்சம் பேர் கரி பூசிக்கொண்டு நெருக்கியடித்து வெளியே வருகிறார்கள். துளை போதவில்லை என்று இன்னொருவர் உளியால் பெரிதாக்க, மிச்சப் பேர் வருகிறார்கள். முதலில் வந்தவர்கள் க்மு முதலான மலைச்சாதியார், பின்னால் வந்தவர்கள் லாவ். வரலாறும் கிட்டத்தட்ட அதையே சொல்கிறது. லாவ் மக்களின் முன்னோர் தென்சீனம், வடவியட்நாம் பக்கமிருந்து ஆற்றுப் பள்ளத்தாக்குகள் வழியே, நெல் பயிரிட்டுக்கொண்டே, சில நூற்றாண்டுகளில் இறங்கி வந்தவர்கள். வந்தபோது அங்கே க்மு மக்கள் இருந்தார்கள். லுவாங் பிரபாங் அரசர்கள் புத்தாண்டுச் சடங்கில் அவர்களை மண்ணின் மூத்தவர்களாக மதித்து முறை செய்திருக்கிறார்கள். இருந்தாலும் அந்த மலைமக்களை அடிமை என்று பொருள்படும் பெயரால் அழைத்த பழக்கமும் நெடுநாள் நீடித்தது. இன்று லாவோஸ் அரசு கணக்கில் 50 இனங்கள். லாவ் மக்கள் பாதிக்குச் சற்று மேலே, அவ்வளவுதான். மொத்த நாட்டுக்கே சுமார் 75 லட்சம் பேர். கோவை, திருப்பூர், ஈரோடு மூன்று மாவட்டம் சேர்ந்தாலே 2011 கணக்கில் 81 லட்சத்துக்கு மேல்.

லாவோஸில் சிவன் கோயில் இருக்கிறதாமே?
(வாசகர், பூண்டி)

இருக்கிறதுங்க. தெற்கே சம்பாசக்கில், வாட் ஃபூ. மலை உச்சி இயற்கையாகவே லிங்கம் போல நிற்பதால் அதற்கு லிங்கபர்வதம் என்று பெயர். வெள்ளியங்கிரி அடிவாரத்தில் இருக்கும் உங்களுக்கு அதைப் பார்த்தால் வேற்றூர் என்றே தோன்றாது. பாறையில் ஊறும் சுனை நீரைக் கல் வாய்க்கால் வழியே கொண்டுவந்து கருவறை லிங்கத்தின்மேல் இடைவிடாமல் விழ வைத்திருந்தார்கள். இடம் 5ஆம் நூற்றாண்டிலிருந்தே புனிதமானது. இப்போது நிற்கும் கட்டடங்கள் பெரும்பாலும் 11 முதல் 13ஆம் நூற்றாண்டு வரை எழுந்தவை. கட்டியவர்கள் இன்றைய கம்போடியாவின் கெமர் மரபினர், லாவ் மக்கள் பின்னால் வந்து புத்தரை வைத்துக் கும்பிட்டார்கள், இன்றும் கும்பிடுகிறார்கள். நம் இந்தியத் தொல்லியல் துறை அங்கே சீரமைப்பு வேலை செய்திருக்கிறது. லாவ் எழுத்தும் கெமர் வழியாகப் பல்லவ எழுத்திலிருந்து கிளைத்ததுதான்.

உங்கள் பெரியப்பா எதற்காக அங்கே போனார்? லாவோஸில் போர் நடந்ததா?
(ஓய்வுபெற்ற அஞ்சல் ஊழியர், கோபி)

1953இல் பிரான்சிடமிருந்து லாவோஸ் விடுதலை பெற்றது. 1954 ஜெனீவா உடன்பாட்டைக் கண்காணிக்க ஒரு சர்வதேசக் குழு போட்டார்கள். இந்தியா தலைமை, கூடவே கனடா, போலந்து. அந்த வேலையாகப் போனவர்தான் பெரியப்பா. "சண்டை நிற்கும் என்று போனோம், நிற்கவில்லை" என்பார். அதற்கு மேல் பேசமாட்டார். அரச குடும்பமே பிளந்து கிடந்தது. நடுநிலைப் பிரதமர் சுவன்னா ஃபூமா, கம்யூனிஸ்டுகளோடு நின்ற சுபானுவோங், இருவரும் ஒரே தந்தையின் மக்கள்.

1962இல் பதினான்கு நாடுகள் கூடி லாவோஸ் நடுநிலை நாடு என்று கையெழுத்திட்டன. அமெரிக்காவும் வடவியட்நாமும் அதில் உண்டு. ஆனாலும் வியட்நாம் போருக்காக வடவியட்நாம் தன் படைகளுக்கு லாவோஸ் காடு வழியே பாதை போட்டுக்கொண்டது. அமெரிக்கா தன் மக்களுக்கே சொல்லாமல் 1964 முதல் 1973 வரை குண்டு போட்டது. 5,80,000 முறை விமானம் பறந்தது, 20 லட்சம் டன்னுக்கு மேல் குண்டு. கணக்குப் போட்டால் ஒன்பது வருஷம், இரவு பகலாக, எட்டு நிமிஷத்துக்கு ஒரு விமானச் சுமை. சியாங் குவாங் மாநிலத்தில் மக்கள் குகைகளுக்குள் வாழ்ந்தார்கள், விடியுமுன் வந்து வயல் வேலை பார்த்தார்கள்.

அதில் கொத்துக் குண்டுகளின் சிறு உருண்டைகள் மட்டும் 27 கோடி. சுமார் முப்பது சதவீதம் வெடிக்கவில்லை. ஆரஞ்சுப் பழ அளவு. பிள்ளைகள் பந்து என்று எடுக்கிறார்கள், விவசாயி மண்வெட்டி போடும்போது வெடிக்கிறது. போர் முடிந்த பிறகு மட்டும் ஏறத்தாழ 20,000 பேர் செத்திருக்கிறார்கள் அல்லது ஊனமாகியிருக்கிறார்கள். வியன்டியானில் செயற்கைக் கால் செய்து கொடுக்கும் கோப் என்ற மையத்துக்குப் போனேன். ஆள்கள் தாங்களே மரத்திலும் தகரத்திலும் செய்து போட்டிருந்த பழைய கால்களை அங்கே வரிசையாகத் தொங்கவிட்டிருக்கிறார்கள். ஒன்றிரண்டு சின்னப் பிள்ளை அளவு. என்னால் அந்த அறையில் நிற்க முடியவில்லை.

1975 டிசம்பர் 2ஆம் தேதி மன்னராட்சி முடிந்து மக்கள் சனநாயகக் குடியரசு வந்தது. சுபானுவோங் முதல் குடியரசுத் தலைவர். கடைசி மன்னர் சாவங் வத்தனாவை வடக்கே ஒரு முகாமுக்கு அனுப்பினார்கள், அவர் திரும்பவில்லை. சுமார் 3 லட்சம் பேர் நாட்டை விட்டு ஓடினார்கள். பலர் ராத்திரியில் அதே மேகாங்கை நீந்திக் கடந்தவர்கள்.

என் மகனுக்கு லாவோஸில் கம்ப்யூட்டர் வேலை, நல்ல சம்பளம் என்று ஒரு ஏஜென்ட் சொல்கிறார். அனுப்பலாமா?
(ஒரு தாய், காங்கயம்)

அனுப்ப வேண்டாம் அம்மிணி. "டேட்டா என்ட்ரி", "டிஜிட்டல் மார்க்கெட்டிங்" என்று சொல்லி, தாய்லாந்து வரை விமானத்தில் கூட்டிப்போய், அங்கிருந்து ஆற்றைத் தாண்டி போகேயோ மாநிலத்தில் இருக்கும் தங்க முக்கோணச் சிறப்புப் பொருளாதார மண்டலத்தில் அடைத்து, இணைய மோசடி வேலை வாங்குகிறார்கள். நம் வெளியுறவுத் துறை பலமுறை எச்சரித்திருக்கிறது, தூதரகம் பல இந்தியப் பிள்ளைகளை மீட்டும் இருக்கிறது. சுற்றுலா விசாவில் போய் அங்கே வேலை பார்க்கவே கூடாது. அந்த ஏஜென்டின் பெயர் அரசின் இ-மைக்ரேட் தளத்தில் இருக்கிறதா என்று மகனையே பார்க்கச் சொல்லுங்கள். இல்லையென்றால் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். ஏற்கெனவே கொடுத்திருந்தால் உடனே போலீசில் எழுதிக் கொடுங்கள்.

போன வாரம் உங்கள் கையில் வெள்ளை நூல் கட்டிய படம் ஒன்றை என் மகளிடம் காட்டினீர்களாம். என்ன சாங்கியம் அது?
(பக்கத்துத் தெரு வாசகி, சென்னிமலை)

"பாசி" என்பார்கள். கல்யாணம், குழந்தைப் பேறு, பயணம், சித்திரை ஒன்றாம் தேதியை ஒட்டி வரும் அவர்களுடைய புத்தாண்டு, எல்லாவற்றுக்கும் உண்டு. மனிதருக்குள் 32 உயிர்ச்சக்திகள், அதிர்ச்சியிலும் அலைச்சலிலும் சில வெளியே போய்விடும் என்பது நம்பிக்கை. வாழையிலையைக் கூம்பாகச் சுற்றிச் செண்டுமல்லி செருகி நடுவில் வைத்து, அவற்றைத் திரும்பக் கூப்பிட்டு, மணிக்கட்டில் பருத்தி நூலால் கட்டி நிறுத்துகிறார்கள். நடத்தி வைப்பவர் ஊரில் மதிப்புள்ள பெரியவர். நம் கல்யாணத்தில் அருமைக்காரர் நின்று சீர் செய்வதை அப்படியே நினைத்துக்கொள்ளுங்கள். எனக்குக் கட்டியது மகளின் தோழியின் பாட்டி. நான் தறிக்காரர் வீட்டுப் பெண் என்று மகள் சொன்னதும், வீட்டுக்கு அடியில் இருந்த தன் தறிக்கு என் கையைப் பிடித்துக் கூட்டிப்போனார். எனக்கு லாவ் தெரியாது, அவருக்குத் தமிழ் தெரியாது. பாவில் அறுந்திருந்த ஓர் இழையை நான் முடிந்து கொடுத்தேன்.

நூலை மூன்று நாளாவது வைத்திருக்க வேண்டும், கத்தரிக்கக் கூடாது, முடிச்சை அவிழ்க்க வேண்டும். நான் ஊர் வந்து எட்டாம் நாள்தான் அவிழ்த்தேன். கூடையில் போட்டு வைத்திருக்கிறேன், வந்து பாருங்கள்.