நினைவையும் இரு பண்பாடுகளுக்கு இடையிலான வாழ்வையும் சோதனை முயற்சியாகப் படமாக்கியவர்களில் யாரை முதலில் பார்க்கலாம்?

டிரேசி மொஃபட். தயங்காமல் சொல்வேன். 1960இல் பிரிஸ்பேனில் பிறந்த ஆஸ்திரேலியப் பழங்குடிப் பெண்; வளர்ந்தது வெள்ளையர் வீட்டில், வளர்ப்புப் பிள்ளையாக. அவருடைய ‘நைட் கிரைஸ்’ இருபது நிமிடத்துக்குள் முடிந்துவிடும் படம். 1990இல் கான் திரைப்பட விழாவுக்குப் போனது.

சாகக் கிடக்கும் வெள்ளைக்காரத் தாயை, நடுவயதுப் பழங்குடி மகள் பராமரிக்கிறாள். கதை என்று இருப்பது இவ்வளவே. வசனம் கிடையாது. சோறு ஊட்டுகிறாள், சக்கர நாற்காலியைத் தள்ளுகிறாள், கால்களைக் கழுவிவிடுகிறாள். முகத்தில் அப்பட்டமான எரிச்சல். ஆனாலும் கால் கழுவும்போது இருவரும் ஒரே கிறிஸ்தவப் பாடலை முனகுகிறார்கள். பிள்ளைப் பருவத்தில் அந்தத் தாய் சொல்லிக்கொடுத்த பாட்டாகத்தான் இருக்கும் என்று எனக்குத் தோன்றும். பாசமும் ஆத்திரமும் ஒரே கையில் இருக்கின்றன. எது மிஞ்சியது என்று மொஃபட் தீர்ப்புச் சொல்வதில்லை. அந்தத் துணிச்சலுக்காகவே இந்தப் படத்தை நான் நேசிக்கிறேன்.

பின்னணி தெரிந்தால் இன்னும் வலிக்கும். பழங்குடிக் குழந்தைகளை, குறிப்பாகக் கலப்பு வம்சாவளியினரை, பெற்றோரிடமிருந்து பிரித்து விடுதிகளிலும் வெள்ளையர் வீடுகளிலும் வளர்ப்பது ஆஸ்திரேலியாவில் அரசின் கொள்கையாகவே இருந்தது. 1910 முதல் 1970 வரை பத்தில் ஒரு குழந்தையிலிருந்து மூன்றில் ஒரு குழந்தை வரை அப்படிப் பறிக்கப்பட்டதாக 1997இல் வெளியான விசாரணை அறிக்கை மதிப்பிட்டது. பிரதமர் கெவின் ரட் நாடாளுமன்றத்தில் மன்னிப்புக் கேட்டது 2008இல். படம் இவை இரண்டுக்கும் முந்தியது.

இன்னொரு சரடும் உண்டு. சார்ல்ஸ் ஷோவெல் 1955இல் எடுத்த ‘ஜெட்டா’ படத்தில், பண்ணை வீட்டு வெள்ளைக்காரப் பெண் வளர்க்கும் பழங்குடிச் சிறுமி, பெரியவளானதும் மலை விளிம்பிலிருந்து விழுந்து இறந்துபோகிறாள். அவள் சாகாமல் இருந்திருந்தால்? மொஃபட் தொடங்குவது இந்தக் கேள்வியிலிருந்து; ‘நைட் கிரைஸ்’ மகள், நடுவயதை எட்டிய அந்தச் சிறுமிதான். வெளிப்புறக் காட்சிகளைக்கூடப் பழைய சினிமா போல ஸ்டுடியோவுக்குள்ளேயே அமைத்தார். வானமும் செம்மண்ணும் வண்ணம் தீட்டிய திரைச்சீலை போலப் பளீரென்று நிற்கின்றன. பழைய சினிமாவே அந்த மகளுடைய நினைவாகிவிடுகிறது.

கடற்கரைக் காட்சியைக் கவனித்துப் பாருங்கள். தாயைக் காணாமல் ஒரு சிறுமி கதறுகிறாள். எந்தத் தாயை? வளர்த்தவளையா, பெற்றவளையா? பெற்றவள் படத்தில் எங்குமே இல்லை என்பது அப்போதுதான் உறைக்கும்.

பேச்சில்லாத படம் என்பதால் ஒலியைக் குறைத்துவிடாதீர்கள். சாட்டைச் சத்தமும் குழந்தையின் அழுகையும்தான் இங்கே வசனம். ஹெட்போன் இருந்தால் நல்லது. ‘ஜெட்டா’வை முதலில் பார்த்துவிட்டு வந்தால் மேலும் விளங்கும். பிடித்துப்போனால் அடுத்து 1993இல் அவர் எடுத்த முழுநீளப் படம் ‘பிடெவில்’, மூன்று பேய்க்கதைகள்.