கொட்டாவி விட்டால் காதருகே ‘டொக்’கென்று கேட்பது ஏன்?

நாளெல்லாம் வெற்றிலை மெல்லும் அப்பாவுக்கு இப்படிக் கேட்கிறதாம்; எலும்பு தேய்ந்துவிட்டதா என்கிறார் ரங்கூன் நண்பர்.

தேய்ந்திருந்தால் மணல் அரைபடுவதுபோல நறநறக்கும். காதுக்குச் சற்று முன்னால் விரலை வைத்து வாயைத் திறந்து பாருங்கள். கீழ்த்தாடையின் முனை முதலில் சுழலும், பிறகு முன்னே வழுக்கும். அதற்கும் மண்டையோட்டுக் குழிக்கும் நடுவே சிறு வட்டு ஒன்று இருக்கிறது. நழுவிய வட்டின்மேல் முனை மீண்டும் ஏறும்போது எழுவதுதான் ‘டொக்’. இந்தத் தாடை மூட்டைப் பொதிந்திருக்கும் உறை வட்டுக்கு மேலே தளர்வாகவும் கீழே இறுக்கமாகவும் இருப்பதால்தான் வழுக்க முடிகிறது. அந்த உறையில் நரம்புகள் உண்டு. அதன் வலியைக் காதுவலி என்று நினைத்துச் சொட்டு மருந்து விடுகிறவர்கள் ஏராளம்.

வலியில்லாத சத்தத்துக்குப் பொதுவாக வைத்தியம் வேண்டாம். ஆனால் வாயில் மூன்று விரல் நுழையாவிட்டால், பாக்கினால் கன்னத்தின் உட்புறம் இறுகியிருக்கலாம்; உடனே பல் மருத்துவரிடம் காட்டுங்கள்.