கூண்டுக்குள் இறங்கினால் வெள்ளைச் சுறா வருமா?

கேள்வி: ஜூலையில் கேப் டவுன் போகிறோம். அந்தப் பக்கக் கடற்கரை ஊரான கான்ஸ்பாயில் கூண்டுக்குள் இறங்கி வெள்ளைச் சுறா பார்க்க ஆசை. இப்போது அங்கே சுறாவே வருவதில்லை என்கிறார்களே, உண்மையா? இரை காட்டி அழைப்பது அதற்குக் கெடுதல் இல்லையா?

பதில்: பத்து வருடம் முன்பு கேட்டிருந்தால், ஜூலைதானே, கண்ணை மூடிக்கொண்டு போங்கள் என்றிருப்பேன். கான்ஸ்பாய்க்கு எதிரே டயர் தீவும், கடல்நாய்கள் மொய்க்கும் கைசர் பாறையும் இருக்கின்றன. அங்கே ஜூலை குளிர்காலம்; அப்போது இளம் கடல்நாய்களைத் தேடிச் சுறாக்கள் வந்துவிடும்.

ஆனால் 2017இல் அந்தக் கரையில் 5 வெள்ளைச் சுறாக்கள் செத்து ஒதுங்கின. முன்துடுப்புகளுக்கு நடுவே கிழிசல்; பெரும்பாலானவற்றில் ஈரலைக் காணோம். வேட்டையாடியவை இரண்டு ஆண் ஓர்காக்கள் (கொலைகாரத் திமிங்கிலங்கள்). முதுகுத் துடுப்பு ஒன்றுக்கு இடப்பக்கம், மற்றதற்கு வலப்பக்கம் சாய்ந்திருப்பதால் போர்ட், ஸ்டார்போர்ட் என்று பெயர்; கப்பல்காரர் பேச்சில் இடம், வலம். எண்ணெய் நிறைந்த ஈரல்தான் குறி. 2023 ஜூனில் மாசல் பே அருகே ஸ்டார்போர்ட் தனியாகவே ஓர் இளம் சுறாவை இரண்டே நிமிடத்துக்குள் முடித்துவிட்டது. ஓர்கா வந்துபோன இடத்தை வெள்ளைச் சுறாக்கள் வாரக்கணக்கில், சில சமயம் மாதக்கணக்கில் எட்டிப் பார்ப்பதில்லை.

சுறா வராமல் போனதற்கு எல்லாப் பழியையும் ஓர்கா மேல் போடுவதில் எனக்கு உடன்பாடு இல்லை. 1991இலேயே, உலகில் முதல் நாடாக, தென்னாப்பிரிக்கா இந்தச் சுறாவுக்குச் சட்டப் பாதுகாப்பு தந்தது. ஆனால் குளிப்பவர்களின் பாதுகாப்புக்கென்று கிழக்கு மாகாணமான குவாசுலு-நட்டால் கரையில் 1950களில் தொடங்கிய வலைகள் இன்றும் அதே சுறாவைக் கொல்கின்றன. பெண் சுறா குட்டி போடும் பருவத்துக்கு வரவே 30 வருடம் ஆகலாம். அப்படிப்பட்ட உயிரினத்தில் வருடத்துக்குச் சில இழப்புகள்கூடப் பெரிய அடிதான்.

இரை விஷயம் இடத்துக்கு இடம் மாறுகிறது. கேப் பகுதி ஆய்வில், மிதமாகச் செய்தால் பெரிய பாதிப்பு தெரியவில்லை. ஆஸ்திரேலியாவின் நெப்டியூன் தீவுகளிலோ, படகுகள் பெருகியபின் சுறாக்கள் கூடுதல் நாள் தங்க ஆரம்பித்தன. எனவே படகுக்காரரைப் பாருங்கள். சுறா வந்து மோதட்டும் என்று இரையைக் கூண்டின் மேலேயே இழுப்பவர் வேண்டாம்.

பணம் கட்டும் முன் “போன மாதம் எத்தனை வெள்ளைச் சுறா பார்த்தீர்கள்?” என்று கேளுங்கள். வெறுமனே ‘சுறா’ என்று கேட்டால் ‘நிறைய’ என்பார்கள். இப்போது கான்ஸ்பாய் கூண்டருகே பெரும்பாலும் வருவது காப்பர் சுறா. அதுவும் அழகுதான். வெள்ளைதான் வேண்டுமென்றால் கேப் டவுனிலிருந்து கிழக்கே சுமார் 400 கி.மீ. தள்ளியுள்ள மாசல் பேயை விசாரியுங்கள், அங்கும் உத்தரவாதம் கிடையாது. அப்புறம், குமட்டல் மாத்திரையைப் படகு ஏறும் முன்பே போட்டுக்கொள்ளுங்கள். அலையில் ஆடத் தொடங்கியபின் போட்டுப் பிரயோஜனமில்லை.