பை (pie) மாவை முன்கூட்டியே செய்து வைக்கலாமா? கேள்வி பதில்

ஈசூன் வாசகி: அக்கா, தீபாவளிக்குச் சிக்கன் பை சுடப் போகிறேன். மாவை எத்தனை நாளுக்கு முன் செய்து வைக்கலாம்?

இரண்டு நாள் முன்னாலேயே செய்துவிடுங்கள். ஃபிரிட்ஜில் மூன்று நாள் தாங்கும், ஃபிரீசரில் மூன்று மாதம். உடனே தேய்ப்பதைவிட இதுதான் நல்லது. மாவு ஊறும்போது தண்ணீர் சீராகப் பரவும், இழுவையும் தளரும். அவனில் (oven) சுடும்போது சுருங்காது.

தெம்பனிஸ் வாசகர்: அளவு சரியாகத்தான் போடுகிறேன். ஆனாலும் கையில் ஒட்டுகிறது, சுட்டால் அடுக்கே வருவதில்லை.

அளவில் குறை இல்லை தம்பி, நம் சிங்கப்பூர் வெக்கைதான் காரணம். மதியம் வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டுச் சமையலறை 30 டிகிரியைத் தாண்டிவிடும். அந்தச் சூட்டில் வெண்ணெய் குழைந்து மைதாவோடு கலந்துவிடுகிறது. வெண்ணெய் துண்டு துண்டாக இருந்தால்தான் அதிலுள்ள தண்ணீர் அவனில் ஆவியாகி மாவை அடுக்கடுக்காகப் பிரிக்கும். அதனால் காலையிலோ ஏர்கான் அறையிலோ செய்யுங்கள். 250 கிராம் மைதாவுக்கு 170 கிராம் வெண்ணெய், அரைத் தேக்கரண்டி உப்பு. வெண்ணெயை நறுக்கி 15 நிமிடம் ஃபிரீசரில் வையுங்கள், மைதாவையும் கிண்ணத்தையும்கூடக் குளிர வையுங்கள். விரல்நுனியால் உதிர்த்து, பட்டாணி அளவுத் துண்டுகள் தெரியும்போதே நிறுத்திவிட்டு, ஐஸ் தண்ணீர் நாலைந்து மேசைக்கரண்டி தெளித்துச் சேர்த்துப் பிடியுங்கள். சப்பாத்தி மாவுபோல அழுத்திப் பிசையவே கூடாது. நம் கைக்கு அந்தப் பழக்கம் விடாது, கவனம்!

உட்லண்ட்ஸ் வாசகி: ஃபிரீசரிலிருந்து எடுத்த உருண்டை வெளியே குழைந்து, நடுவில் கல்லாக இருந்தது.

உருண்டை வேண்டாம், இரண்டு சென்டிமீட்டர் கனத்தில் தட்டையாக்குங்கள். பிளாஸ்டிக் தாளில் இறுக்கிச் சுற்றி, அப்புறம் ஜிப் பையில் போட்டுத் தேதி எழுதுங்கள். பக்கத்தில் மீன் இருந்தால் அந்த வாடை வெண்ணெயில் ஏறிவிடும், ஒரு சுற்று போதாது. சுடுவதற்கு முதல் நாள் இரவே ஃபிரிட்ஜுக்கு மாற்றிவிடுங்கள். மேசையில் வைத்து இளக்கினால் பட்ட பாடெல்லாம் வீண்.

செங்காங் வாசகி: மூன்றாம் நாள் மாவு சாம்பல் நிறமாகிவிட்டது. கெட்டுவிட்டதா?

லேசான சாம்பல் நிறம் மட்டும் என்றால் பயமில்லை. மைதாவிலுள்ள நொதிகள் காற்று பட்டுச் செய்யும் வேலை அது. புளித்த வாடையோ பூஞ்சையோ இருந்தால் கொட்டிவிடுங்கள். அடுத்த முறை தண்ணீரோடு ஒரு தேக்கரண்டி எலுமிச்சைச் சாறு சேருங்கள், நிறம் மாறுவது தள்ளிப்போகும்.

பூன் லே வாசகர்: வெண்ணெய்க்குப் பதில் நெய்?

நெய்யில் தண்ணீர் கிடையாது, அடுக்கு வராது. பொறபொறவென்று உதிரும். அன்னாசி டார்ட்டுக்கு அது அருமை, பைக்கு வெண்ணெய்தான்.

தெம்பனிஸ் வாசகர் மறுபடியும்: தட்டில் விரித்தே ஃபிரீசரில் வைக்கலாமா?

தாராளமாக. அலுமினியத் தட்டு என்றால் அப்படியே அவனுக்குப் போகலாம். கண்ணாடி, பீங்கான் தட்டு வேண்டாம், திடீர்ச் சூட்டில் வெடித்துவிடும்.