நாற்காலியும் பஜ்ஜியும்

அன்புள்ள ஐயா,

கும்பகோணத்தில் ஒரு காமெடி நிகழ்ச்சிக்குக் குடும்பத்தோடு போயிருந்தோம். மேடையில் ஒரு பெண், கடைசிவரை தன் குண்டு உடம்பை வைத்தே ஜோக். எல்லோரும் சிரித்தார்கள். ஒன்பதாவது படிக்கும் என் மகளும்தான். அவளுக்கும் பூசின உடம்பு. வெளியே வரும்போது என் கொழுந்தனார் அவளிடம், "அடுத்த வருஷம் நீயே மேடை ஏறிடலாம்" என்றார். ராத்திரி சாப்பாடு வேண்டாம் என்று படுத்துவிட்டாள். தன்னையே கேலி செய்து கைதட்டல் வாங்குவது சரியா?

ஒரு வாசகி, மயிலாடுதுறை

அன்புள்ள சகோதரிக்கு,

அதே நிகழ்ச்சியை நான் தஞ்சாவூரில் பார்த்தேன். ஆரம்பம் எனக்கும் பிடிக்கவில்லை. நாற்காலி உடைகிறது, ஆட்டோ சாய்கிறது. நம் சினிமா அரைத்துத் தள்ளிய மாவுதான். குண்டு கல்யாணம், ஓமக்குச்சி நரசிம்மன் என்று பெயருக்கு முன்னாலேயே உடம்பை ஒட்டிவைத்த ஊர் இது. (ஒல்லியையும் விட்டதில்லை.)

நரசிம்ம ஜயந்தியை ஒட்டி தஞ்சாவூர்ப் பக்கம் மெலட்டூரில் நடக்கும் பாகவத மேளா நாட்டிய நாடகத்தில் முதலில் கோணங்கி என்ற கோமாளி வந்து குதித்துக் கூட்டத்தைத் தன் பக்கம் திருப்புவான். கதை அப்புறம்தான். இவருடைய நாற்காலி ஜோக்கும் அந்த வேலையைத்தான் செய்கிறது.

பெண் பார்க்க வந்த கதையைச் சொன்னாரே, நினைவிருக்கிறதா? மாப்பிள்ளையின் அம்மா இன்னொரு வாழைக்காய் பஜ்ஜிக்குக் கையை நீட்டிக்கொண்டே, "பொண்ணு கொஞ்சம் குண்டா இருக்கே" என்கிறார். இவர் தட்டைப் பிடித்தபடி நிற்கிறார். வசனமே இல்லை. கண் மட்டும் பஜ்ஜிக்கும் அந்த அம்மாவின் வாய்க்குமாகப் போய்வருகிறது. என் முன்வரிசையில் விழுந்து விழுந்து சிரித்துக்கொண்டிருந்த ஒரு மாமி சட்டென்று நிமிர்ந்து உட்கார்ந்தார். அந்தச் சிரிப்பு இவர் உடம்பின் மேல் விழவில்லை.

அதனால் மொத்தமாகச் சரியா தப்பா என்று கேட்டால் என்னால் சொல்ல முடியாது. ஒவ்வொரு ஜோக்காகத்தான் பார்க்க வேண்டும். நாற்காலியை அவர் விட்டிருக்கலாம். பஜ்ஜிக்காக இன்னொரு முறை டிக்கெட் வாங்குவேன்.

ஆனால் எதைச் சொல்வது, எங்கே நிறுத்துவது என்பதெல்லாம் மேடையில் அவர் கையில் இருந்தது. உங்கள் மகளுக்கு அந்த வசதி கிடைக்கவில்லை. அவளைப் பற்றிய ஜோக்கைச் சொன்னவர் கொழுந்தனார். நீங்கள் எழுதியிருப்பதன்படியே, அரங்கத்துக்குள் அவள் சிரித்துக்கொண்டுதான் இருந்திருக்கிறாள்.

மேடைக்காரியைக் குறை சொல்வது சுலபம். கொழுந்தனாரிடம் பேசுவது கஷ்டம். நாளைக்கே ஒரு கல்யாணப் பந்தியில் பக்கத்தில் உட்கார வேண்டியவர். இருந்தாலும் பேசுங்கள், மகள் காதில் விழும்படியே பேசுங்கள். "சும்மா தமாஷுக்குச் சொன்னேன் அண்ணி" என்பார். விடாதீர்கள்.