டிஎல்எல் கோப்போடு மல்லுக்கட்டும் மகன்: ஒரு தாய்க்குப் பதில்

அம்மா, உங்கள் கவலை எனக்குப் புரிகிறது. கல்லூரியில் சேரப்போகிற நேரத்தில் பையன் ஒரு விளையாட்டைத் திறக்க முடியாமல், ‘டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் காணவில்லை’ என்ற செய்தியோடு இரண்டு நாள் மல்லுக்கட்டினால் எந்தத் தாய்க்கும் பதற்றம் வரும். டிஎல்எல் என்பது மென்பொருள்கள் ஓடுவதற்குத் தேவைப்படும் ஒருவகை நிரல் கோப்பு. இந்த ஆர்வம் ஒரு படிப்பாகவும் வேலையாகவும் மாறுமா என்பதுதான் உங்கள் கேள்வி. அந்த இரண்டு நாளில் அவன் என்ன செய்தான் என்பதைத்தான் நான் முதலில் கேட்பேன். எங்கிருந்தோ கோப்பை இறக்கிப் போட்டுவிட்டு விளையாடப் போனானா, இல்லை இந்தக் கோப்பு எதற்கு என்று தோண்டினானா?

முதல் வழியை இன்றைக்கே நிறுத்தச் சொல்லுங்கள். முகம் தெரியாத தளத்தில் கிடைக்கும் டிஎல்எல் கோப்பில் வைரஸ் ஒட்டியிருக்கலாம். அவன் தேடிய கோப்பு, மைக்ரோசாஃப்ட் 2010 ஜூனில் வெளியிட்ட, விளையாட்டுகளின் காட்சிக்கு உதவும் டைரக்ட்எக்ஸ் தொகுப்பில் வருவது. அதை அவர்களிடமிருந்தே நிறுவினால் வேலை முடிந்தது. கையால் போடுகிறவர்கள் இன்னொரு இடத்திலும் இடறுவார்கள். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 கோப்புறையில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 கோப்புறையில். பெயர்கள் தலைகீழ். ஏன் அப்படி என்று அவனுக்குக் கேள்வி வந்திருந்தால் நான் சந்தோஷப்படுவேன்.

டிஎல்எல் போன்ற கோப்புகளைப் பகிர்வு நூலகங்கள் என்பார்கள். திரையில் கோடும் நிழலும் வரையும் நிரலை ஒவ்வொரு மென்பொருளும் தனியாகச் சுமக்காமல், ஒரே கோப்பைப் பலவும் பயன்படுத்திக்கொள்ளும். இவற்றுக்கு விண்டோஸில் டிஎல்எல் என்று பெயர், லினக்ஸ் என்ற இன்னொரு இயக்க முறைமையில் எஸ்ஓ. இதில் ஓபன்ஜிஎல்32.டிஎல்எல் என்று ஒன்று உண்டு; ஓபன்ஜிஎல் என்பது திரையில் படம் வரைவதற்கான பொதுவான கட்டளைத் தொகுப்பு. அந்தக் கோப்பு பெரும்பாலும் தானாக வரைவதில்லை. கிராபிக்ஸ் கார்டை இயக்குவதற்காக அதன் நிறுவனம் தரும் மென்பொருளான டிரைவரை ஏற்றி, வேலையை அதனிடம் ஒப்படைத்துவிடுகிறது. டிரைவர் இல்லாவிட்டால் ஓபன்ஜிஎல் 1.1 என்ற பழைய பதிப்பின் அளவோடு நின்றுபோகும். அந்த டிரைவரை எழுதுவது ஒரு முழுநேர வேலை, அம்மா. என்விடியா, ஏஎம்டி, இன்டெல், குவால்காம் நிறுவனங்களில் அதற்கென்றே குழுக்கள் இருக்கின்றன.

விளையாட்டுக்கு மட்டும்தானே இதெல்லாம் என்று நினைக்க வேண்டாம். குரோம் உலாவியின் கோப்புறைக்குள் லிப்ஜிஎல்இஎஸ்வி2.டிஎல்எல் கிடக்கும்; இணையத்தில் முப்பரிமாண வரைபடத்தைத் திருப்பிப் பார்க்கும்போது உழைப்பது அதுதான். ஸ்கேன் படங்களை முப்பரிமாணத்தில் காட்டும் மருத்துவ மென்பொருளுக்கும் இத்தகைய நூலகங்கள் வேண்டும்.

இந்தக் கிராபிக்ஸ் மென்பொருள் துறைக்குப் படிப்பு என்றால் கணினி அறிவியல், மின்னணுவியல் இரண்டுமே சரி. கல்லூரியின் பெயரைவிட, கணினிக் கட்டமைப்பு, இயக்க முறைமை, கம்பைலர், நேரியல் இயற்கணிதம் ஆகிய பாடங்களை அங்கே ஒழுங்காக நடத்துகிறார்களா என்று விசாரியுங்கள். சி++ என்ற நிரல்மொழி கட்டாயம் வேண்டும். கணக்கும் வேண்டும்: ஒரு பொருளைத் திரையில் சுழற்றுவதே மேட்ரிக்ஸ் பெருக்கல்தான். கணக்கு பிடிக்காது என்று அவன் சொன்னால் இந்தத் துறையை நான் பரிந்துரைக்க மாட்டேன். இன்னொன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். வலைத்தள வேலைகள் அளவுக்கு இதில் தொடக்கநிலை இடங்கள் கிடையாது. முதலில் வேறு சி++ வேலையில் சேர்ந்து, அப்புறம் இங்கே வருகிறவர்களும் உண்டு.

விடுமுறையில் அவன் ஒன்று செய்து பார்க்கட்டும். லினக்ஸ் நிறுவி, ஓபன்ஜிஎல்லில் ஒரு முக்கோணம் வரையட்டும். அந்த நிரல் எந்தெந்த நூலகங்களை நம்பியிருக்கிறது என்று எல்டிடி கட்டளை பட்டியல் போட்டுக் காட்டும். அந்தப் பட்டியலில் கிராபிக்ஸ் டிரைவரின் பெயர் பொதுவாக இருக்காது. அது நிரல் ஓடும்போதுதான் ஏற்றப்படும். இதை நீங்கள் அவனிடம் சொல்லாதீர்கள். ‘டிரைவரைக் காணோமே’ என்று அவனாகவே கேட்கிறானா என்று மட்டும் பாருங்கள். கேட்டால், அடுத்தது மெசா. லினக்ஸில் பரவலாகப் பயன்படும் இந்தத் திறமூல கிராபிக்ஸ் நூலகத்தை 1993-ல் பிரையன் பால் என்பவர் தன் ஓய்வு நேரத்தில் எழுதத் தொடங்கினார். அதன் நிரல் முழுவதும் யாரும் படிக்கத் திறந்து கிடக்கிறது. மாணவர்களும் திருத்தம் அனுப்பலாம். அனுபவமுள்ள பொறியாளர்கள் படித்துக் குறைகளைச் சுட்டிக்காட்டுவார்கள். அங்கே ஏற்கப்பட்ட ஒரு சிறு திருத்தம், இந்தத் துறையின் நேர்காணலில் பல சான்றிதழ்களைவிட அதிகம் பேசும் என்பது என் கருத்து.

கணினியைப் பிடுங்கி வைக்காதீர்கள். விளையாடும் நேரத்துக்கு வரம்பு வைத்தால் போதும். அடுத்த சந்திப்புக்கு அவனையும் கூட்டி வாருங்கள். முக்கோணம் வராவிட்டாலும் பரவாயில்லை, எங்கே சிக்கிக்கொண்டான் என்று எழுதி வைத்திருந்தால் எடுத்து வரட்டும். அதை வைத்துக்கொண்டு எந்தப் பாடப்பிரிவு என்று பேசுவோம்.